கண் பழகிவிடும்

புளிக்காய்ச்சலில் இன்னும் எண்ணெய் பிரியவில்லை. பிரியட்டும், அவசரம் ஒன்றுமில்லை, வெள்ளிக்கிழமைக்கு இன்னும் நாள் கிடக்கிறது என்று செண்பகவல்லி அடுப்பைக் குறைத்துவிட்டுக் கரண்டியை வட்டமாக ஓட்டினாள். ஹாலில் அவள் புருஷன் திருமலைக்குமார் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து டார்ச்சின் முகத்தில் சிவப்புக் கண்ணாடித்தாளை ஒட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஸ்பீக்கரில் போட்ட போன். போனில் டேனியல் அண்ணன், ஷார்ஜாவில் இருக்கிற தமிழ் ஆட்களில் வானத்தைப் பார்க்கிற கிறுக்குப் பிடித்தவர்களையெல்லாம் பொறுக்கியெடுத்து ஒரு வாட்ஸ்அப் குரூப் வைத்திருக்கிறவர். மனுஷனுக்கு வேறு வேலை கிடையாது. "வெள்ளை வெளிச்சமே ஆகாது திருமலை. ஹெட்லைட், மொபைல் எல்லாத்தையும் அணைச்சிரணும். கார்ப்பெட்டை விரிச்சு எல்லாரும் மல்லாந்து படுத்துக்க வேண்டியதுதான். கால் மணி நேரம், அவ்வளவுதான், கண் பழகிடும். அப்புறம் பாருங்க கூத்தை!" இவரும் ஆஹா ஆஹா என்கிறார். அமாவாசையாகப் பார்த்துத்தான் பாலைவனத்துக்குப் போவார்களாம். நிலா இருந்தால் இவர்களுக்கு இடைஞ்சலாம். ஊரில் அம்மா அமாவாசை ராத்திரியில் பிள்ளைகளை வாசலுக்கே விடமாட்டாள், இங்கே என்னடா என்றால் அதற்கென்று நாள் பார்த்து, பெட்ரோல் போட்டு, புளியோதரை கட்டிக்கொண்டு போகிறார்கள். நல்ல பிழைப்பு என்று சிரிக்கப் பார்த்தாள். சிரிப்பு வரவில்லை, பயமாக இருந்தது.

கண் பழகிடும். இந்த ஒரு வார்த்தையை எத்தனை பேர் வாயால் கேட்டாயிற்று. கரண்ட் போன ராத்திரிகளில் அப்பா, சினிமாக் கொட்டகை வாசலில் அக்கா, பள்ளிச் சுற்றுலாவில் மலைக்குகைக்குள் கூட்டிப்போன டீச்சர். ஒரு நிமிஷம் நில்லு, கண் பழகிடும். அவளும் நிற்பாள். மற்றவர்கள் கலகலவென்று பேசிக்கொண்டே உள்ளே போய்விடுவார்கள், அவள் நின்றுகொண்டே இருப்பாள், ஒன்றும் பழகாது. எல்லோருக்கும் வருகிற ஏதோ ஒன்று தனக்கு மட்டும் வரவில்லை என்று பன்னிரண்டு வயதுவரை அவளுக்குத் தெரியவே தெரியாது, எல்லோருமே இப்படித்தான் தட்டுத்தடுமாறுகிறார்கள், தன்னைவிடக் கெட்டிக்காரத்தனமாகத் தடுமாறுகிறார்கள் என்றுதான் நினைத்திருந்தாள். மாலைக்கண் என்று அம்மாதான் கண்டுபிடித்தாள். கண்டுபிடித்த கையோடு, வெளியே மூச்சு விடாதே என்று அவள் வாயைப் பொத்தினாள். முருங்கைக்கீரை, ஆட்டு ஈரல், பப்பாளி, மீனெண்ணெய் மாத்திரை. ஈரல் வாசம் இன்றைக்கும் தொண்டையில் நிற்கிறது. கீரையில் சரியாகிற மாலைக்கண் வேறு, இது வேறு என்று அந்த வீட்டில் யாருக்குத் தெரியும்? புளி கொதித்துத் தெறித்தது. புறங்கையில் பட்ட சூட்டை நாக்கால் தொட்டுக்கொண்டாள். உப்பு சரியாகத்தான் இருக்கிறது.

இந்த ஊர் அவளுக்கு ஏன் பிடித்தது என்று யாராவது கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாள்? கேட்கவில்லை, நல்லவேளை. வெயில், புழுதி, சொந்தபந்தம் இல்லாத நாலு சுவர் என்று வந்தவர்களெல்லாம் அழுகிறார்கள். இவள் விமானத்திலிருந்து இறங்கிக் காரில் ஏறிய முதல் ராத்திரியே கும்பிட்டுவிட்டாள். இருட்டே இல்லாத ஊர்! தெருவெல்லாம் விளக்கு, மாடிப்படியில் விளக்கு, காரை நிறுத்துகிற கட்டாந்தரைக்குக்கூட விளக்கு, ராத்திரி தூங்கும்போதும் திரைச்சீலை இடுக்கால் உள்ளே வருகிற கடைப்பலகை வெளிச்சம். கரண்ட் போகிற பேச்சே கிடையாது. மகராசியாக வாழ்ந்துவிட்டாள் இத்தனை வருஷமும். எங்கேயாவது கொஞ்சம் மங்கினால் பிள்ளையைப் பிடிக்கிற சாக்கில் பிள்ளையைப் பிடித்துக்கொள்வாள். சுவர் இருந்தால் போதும், வலது கையின் புறங்கையைச் சுவரில் மெல்ல ஓட்டிக்கொண்டே போவாள். உள்ளங்கையை வைத்தால் குருடி தடவுகிற மாதிரி இருக்கும், புறங்கை என்றால் சும்மா ஒய்யாரமாக நடக்கிற மாதிரி இருக்கும். இதை யாரும் சொல்லித்தரவில்லை, அவளே கற்றுக்கொண்டாள். சுவர் இருக்கிறவரை அவளை ஒருத்தரும் கண்டுபிடிக்க முடியாது. இப்போது பார்த்து இந்த மனுஷன் சுவரே இல்லாத இடத்துக்குக் கூட்டிக்கொண்டு போகிறேன் என்கிறார். எந்தப் பக்கம் கையை நீட்டினாலும் ஒன்றும் தட்டுப்படாத இடம்.

அதுவும் எதற்காம்? அருந்ததி பார்க்க. கல்யாணத்தன்று கோவில்பட்டி மண்டபத்து வாசலில், தார் உருகுகிற வெயிலில், அம்மி மிதித்த கையோடு ஐயர் இரண்டு பேரையும் வெளியே கூட்டிவந்து ஆகாயத்தைக் காட்டி, "அதோ பாரும்மா அருந்ததி, தெரியறதோ?" என்றார். பட்டப்பகல். நீலம் தவிர ஒன்றுமில்லை. எல்லாப் பெண்களும் தெரியுது என்றுதான் சொல்வார்கள், ஐயருக்கும் தெரியும், மாப்பிள்ளைக்கும் தெரியும், அது ஒரு சம்பிரதாயம். ஆனால் முதுகுக்குப் பின்னால் அம்மாவின் மூச்சு காதில் பட்டது. தெரியுதுன்னு சொல்லிருட்டி. ஏன் அப்படி ஒரு நடுக்கம் அம்மா குரலில்? சும்மா சொல்கிற பொய்யைச் சொல்வதற்கு யாராவது நடுங்குவார்களா? "தெரியுது" என்றாள். அவர் குனிந்து, "எனக்கு ஒரு எழவும் தெரியல, உனக்கு நெஜமாத் தெரியுதா?" என்று சிரித்தார். "தெரியுது" என்றாள் மறுபடியும், சிரிக்காமல். அந்தப் பிடிவாதம் அவருக்குப் பிடித்துப்போயிற்று. பகல்லயே அருந்ததி பார்த்தவ என் பொண்டாட்டி என்று இன்றைக்குவரை வருகிறவர் போகிறவரிடமெல்லாம் பீற்றிக்கொள்கிறார். நடுச்சாமத்துக்கு மேல் சப்தரிஷி மண்டலம் நன்றாக மேலே வந்துவிடுமாம், அதில் வால் பக்கத்து நட்சத்திரத்தை ஒட்டிக்கொண்டு பொடிசாக ஒன்று இருக்குமாம், அதுதானாம். "இந்தத் தடவை ரெண்டு பேரும் சேர்ந்து பார்க்கிறோம், என்ன?" என்று காலையில் தலையைத் தடவிவிட்டுப் போனார். எவ்வளவு ஆசை அந்த முகத்தில். அருந்ததி கிடக்கட்டும், ஒரு நட்சத்திரத்தைக்கூட அவள் பிறந்ததிலிருந்து பார்த்ததில்லை. பாட்டுப் புத்தகத்தில் பார்த்திருக்கிறாள், கிறிஸ்துமஸ் சமயத்தில் டேனியல் அண்ணன் வீட்டு வாசலில் காகிதத்தில் தொங்கும், அதைப் பார்த்திருக்கிறாள்.

சொல்லித் தொலைத்தால் என்ன? சொல்லலாம். அவர் அடிக்கிற ஆளா, கத்துகிற ஆளா? அதெல்லாம் இல்லை. ஆனால் சின்னம்மாவின் புருஷனும் நல்லவர்தான். பேச்சியம்மாள் சின்னம்மா, அம்மாவின் தங்கை, அவளுக்கும் இதே கண்தான், கல்யாணமாகி ஆறாவது மாதம் மாட்டிக்கொண்டாள். மறைத்துக் கட்டிவைத்துவிட்டீர்கள் என்று ஒரு டிரங்குப் பெட்டியோடு கொண்டுவந்து விட்டுவிட்டுப் போனவர்தான், அதற்கப்புறம் வரவில்லை. விளக்கு வைக்கிற நேரமானால் சின்னம்மா முற்றத்துத் தூணோரம் உட்கார்ந்துவிடுவாள். பேசுகிறவர்களின் பக்கம் முகத்தைத் திருப்பிச் சிரித்துக்கொண்டிருப்பாள். பேசியவர்கள் எழுந்து போயிருப்பார்கள், இவளுக்குத் தெரியாது, சிரிப்பு மட்டும் அந்தக் காலி இடத்தைப் பார்த்தபடியே இருக்கும். சில நாள் அந்த இடத்துக்குத் தலையாட்டுவாள். உம் கொட்டுவாள். அந்த வீட்டில் யாரோ உட்கார்ந்திருக்கு, அவ கண்ணுக்கு மட்டும் தெரியுது என்று தெருவில் பேசிக்கொண்டார்கள். சின்னப்பிள்ளையாக இருந்த செண்பகத்துக்கு சின்னம்மாவைப் பார்த்தால் பயமில்லை, சின்னம்மா பார்க்கிற அந்த இடத்தைப் பார்க்கத்தான் பயம். ஒரு சாயங்காலம் கோழிக்கூட்டை அடைக்கப் பின்பக்கம் போனவள் திரும்பி வரவேயில்லை. விடிந்த பிறகு கரிசல் காட்டுக்குள், ஊரைவிட்டு வெகுதூரம் தள்ளி, பருத்திச் செடிகளுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தாள். கால் பூராவும் கீறல். எங்கே போன, எதுக்குப் போன என்று அப்பா போட்டு உலுக்கியபோது, "கூப்பிட்டாங்க மச்சான். இந்தா வந்துட்டோம், இந்தா வந்துட்டோம்னு பக்கத்துலயே பேசிக்கிட்டு வந்தாங்களே" என்றாள். யாரு? அவளுக்குத் தெரியவில்லை. நல்லவிதமாகத்தான் பேசினார்கள் என்றாள். கடுகு வெடித்துச் சிதறுகிற சத்தம் மாதிரி ஏதோ கேட்டு செண்பகம் திரும்பினாள். ஒன்றுமில்லை. அடுப்படி ஜன்னலுக்கு வெளியே, கட்டிடத்தின் நடுவில் விட்டிருக்கிற காற்றுக்கூண்டில், சாம்பல் நிறம் கறுத்துக்கொண்டு வந்தது.

அதுதான் வெள்ளிக்கிழமை நடக்கப்போகிறது. அவளுக்கு எல்லாமே இப்போதே கேட்கிறது. முதலில் கார்க் கதவுகள் சாத்துகிற சத்தம், அப்புறம் ஒவ்வொரு விளக்காக அணையும், அப்புறம் குரல்கள் மட்டும். டேனியல் அண்ணன் குரல், அவர் மனைவி ஜெஸிந்தா குரல், யார் யாரோ கொண்டுவந்த பிள்ளைகளின் குரல். குரல்களுக்கு உடம்பு இருக்காது. அடடா, அதோ பாரு, இதோ விழுந்துச்சு பாரு என்று எல்லோரும் ஒரே சமயத்தில் மூச்சு வாங்குவார்கள், அவளும் அரை நொடி தாமதித்து ஆஹா என்பாள். அது அவளுக்கு வரும், பழக்கம்தான். ஆனால் பிறகு யாராவது எழுந்து போவார்கள், மணலில் காலடிச் சத்தமே கேட்காதே, பக்கத்தில் இருக்கிறவர் போய்விட்டது தெரியாமல் அவள் பேசிக்கொண்டிருப்பாள். அந்த இடத்திலிருந்து யாராவது உம் கொட்டினால்? நல்லவிதமாக, அன்பாக, இந்தா வந்துட்டோம் என்றால்? சீ, என்ன நினைப்பு இது, பொழுது போகிற நேரத்தில். கரண்டியைத் தட்டி வைத்தாள். நல்லெண்ணெய் மெல்ல ஓரத்தில் கசியத் தொடங்கியிருந்தது. தலைவலி என்று சொல்லிவிடலாம். தீட்டு என்று சொல்லிவிடலாம், இந்தக் காலத்தில் அதை யார் கேட்கிறார்கள். நீ இல்லாம நான் மட்டும் போயி என்ன பண்ண என்று அவர் மூஞ்சியைத் தூக்கிவைத்துக்கொள்வார், அடுத்த அமாவாசைக்குத் தள்ளிவைப்பார். அடுத்த அமாவாசை, அதற்கடுத்த அமாவாசை. வந்துகொண்டேதான் இருக்கும்.

இத்தனை நேரமும் அவள் மனசு ஒரு இடத்தைச் சுற்றிச் சுற்றி வந்து, தொடாமல் விலகிப் போய்க்கொண்டிருந்தது. ஆதிரை. நட்சத்திரக் கிறுக்கு அப்பன் வைத்த பேர். எட்டு வயது. உள்ளறையில் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருக்கிறாள், பென்சிலைக் கடிக்கிற சத்தம்கூட இங்கே கேட்கிறது. போன வருஷம் செண்பகம் கடைக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டு ஒருநாள் கண் டாக்டரிடம் போனாள். மலையாளத்துப் பெண், தங்கமான மனுஷி, சொட்டு மருந்து விட்டு, விளக்கடித்துப் பார்த்து, கையைப் பிடித்துக்கொண்டு நிதானமாகச் சொன்னாள். பரம்பரையாக வருவது, போகப்போகப் பக்கவாட்டுப் பார்வையும் சுருங்கும், மருந்து கிடையாது, ஆனால் ஜாக்கிரதையாக இருந்தால் நெடுநாள் ஓட்டலாம். பிள்ளைகள் உண்டா? உடனே கூட்டிக்கொண்டு வாங்க, சீக்கிரம் தெரிந்தால் நல்லது. சரி டாக்டர் என்று வந்தவள்தான். வருஷம் ஆகப்போகிறது. கூட்டிக்கொண்டு போகவில்லை. போனால் தெரிந்துவிடுமே! தெரியாதவரை அது இல்லைதானே? அப்படியா? அன்றைக்கு ஜெஸிந்தா வீட்டில் பிறந்தநாள் கேக்குக்காக விளக்கை அணைத்தபோது எல்லாப் பிள்ளைகளும் மேஜையைச் சுற்றி ஓடினார்களே, ஆதிரை மட்டும் நின்ற இடத்தில் நின்றாளே. வெட்கம், பிள்ளைக்கு வெட்கம் ஜாஸ்தி. பார்க்கில் பொழுது சாய்ந்தால் கால் வலிக்குது வீட்டுக்குப் போகலாம் என்கிறாளே. ஓடியாடினால் வலிக்காதா? தியேட்டரில் அத்தனை பேர் காலையும் மிதித்துக்கொண்டு வந்து யாரோ ஒரு அரபிக்கார அம்மாள் மடியில் உட்கார்ந்துவிட்டாளே. எல்லோரும் சிரித்தார்கள், அவரும் சிரித்தார், செண்பகமும் சிரித்தாள். பாவி, சிரித்தாயே. உனக்குத் தெரியாதா? உனக்குத் தெரியாமல் வேறு யாருக்குத் தெரியும்? ஒவ்வொரு நாளும் அந்தப் பிள்ளைக்கு என்ன போய்க்கொண்டிருக்கிறதோ, நீ இங்கே புளி கிண்டிக்கொண்டிருக்கிறாய். அவளுக்கு அழுகை வந்தது. மூக்கை முழங்கையில் துடைத்துக்கொண்டாள்.

கீழே பள்ளிவாசலில் அந்தித் தொழுகைக்கான மக்ரிப் பாங்கு ஆரம்பித்தது. அது முடிகிறவரை காத்திருந்து அவர் ஹாலிலிருந்து குரல் கொடுத்தார். "செம்பகம், அடுப்பை அணைச்சுட்டு வா. பாப்பா, நீயும் வா. ஒரு ஒத்திகை பார்த்திரலாம்." என்ன ஒத்திகை? "பிள்ளைங்க இருட்டைக் கண்டு பயந்துரக் கூடாதுல்ல, வீட்லயே பழக்கிக் கூட்டிட்டு வாங்கன்னு அண்ணன் சொல்றாரு." சர்ரென்று திரைச்சீலை இழுபடுகிற சத்தம் கேட்டது, அந்தக் கனத்த திரை, பகலைக்கூட உள்ளே விடாதது. வேண்டாம் என்று சொல்ல அவள் வாயைத் திறந்தாள். டக். ஹால் போயிற்று. டக். நடைபாதை போயிற்று. "அடுப்படியையும் அணை செம்பகம்." கை தானாகவே போய் அணைத்தது, இத்தனை வருஷம் அவர் சொன்ன எதற்கும் மறுத்துப் பழகாத கை. அடுப்பு மட்டும் அந்தரத்தில் ஒரு நீல வளையமாக நின்றது, அதைச் சுற்றி ஒன்றுமே இல்லை, பாத்திரம் இல்லை, சுவர் இல்லை, அவளுடைய கையும் இல்லை. குமிழைத் திருகினாள். வளையமும் போயிற்று.

"கால் மணி நேரம்தான்," என்றது அவர் குரல், "கண் பழகிடும்." செண்பகம் அசையாமல் நின்றாள். புளியின் வாசம், தன் மூச்சு, பக்கத்து வீட்டுத் தண்ணீர்க் குழாய். அப்புறம் அது கேட்டது. சர், சர் என்று சுவரில் எதுவோ உரசிக்கொண்டு வருகிற சத்தம், மிக மெல்லியது, நின்று நின்று வருகிறது, நடைபாதையின் அந்தக் கோடியிலிருந்து அவளை நோக்கி. சின்னம்மா. செத்து எத்தனையோ வருஷமான சின்னம்மா, கரிசல் காட்டிலிருந்து இத்தனை தூரம் தேடிக்கொண்டு வந்துவிட்டாள் என்றுதான் முதலில் நினைத்தாள். சுவரோடு ஒட்டினாள். ஆனால் அந்தச் சத்தம் அவளுக்குத் தெரிந்த சத்தம். ராத்திரி தண்ணீர் குடிக்க எழுந்திருக்கும்போதெல்லாம் அவள் கேட்டுக்கொண்டே நடக்கிற சத்தம். உள்ளங்கை இல்லை, அது வேறு மாதிரி கேட்கும். இது புறங்கை. சும்மா ஒய்யாரமாக நடக்கிற மாதிரி. யாரும் சொல்லித்தராமல் தானே கற்றுக்கொண்ட கை. அவள் தன் கையைச் சுவரில் நீட்டினாள், வந்துகொண்டிருந்த குட்டி விரல்கள் அவள் விரல்களில் வந்து முட்டின, திடுக்கிட்டு நின்றன, பிறகு அவளுடைய நைட்டியின் மடிப்பைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டன. அப்படியே சுவரோரமாக இரண்டு பேரும் ஹாலுக்குள் வந்து நின்றார்கள்.

"எங்க, ரெண்டு பேரும் வந்தாச்சா? இப்ப என்னைத் தெரியுதா பாருங்க," என்றார் அவர், சோபாப் பக்கமிருந்து. உற்சாகம் தாங்கவில்லை அவருக்கு. "எனக்கு நீங்க ரெண்டு பேரும் ஜோரா நிழல் மாதிரித் தெரியிறீங்க. ஆதி, அப்பா எத்தனை விரல் காட்டுறேன் சொல்லு?" குட்டி மூச்சு அவள் இடுப்பருகே ஏறி இறங்கியது. "சரி, விரல் வேண்டாம். அப்பா தெரியிறேனா, அதை மட்டும் சொல்லுங்க. சிரிச்சுக் காட்டுங்க பார்ப்போம்." செண்பகம் சோபாப் பக்கம் முகத்தைத் திருப்பிச் சிரித்தாள். முகம் தானாகவே சிரிக்கிறது, என்ன செய்ய. நைட்டியை யாரோ கீழே இழுத்தார்கள். குனிந்தாள். காதில் பிள்ளையின் சூடான மூச்சு. "தெரியுதுன்னு சொல்லிரும்மா," என்றது அந்த ரகசியக் குரல், நடுங்கிக்கொண்டு. "அப்பா சந்தோஷப்படுவாங்க. நானும் அப்படித்தான் சொல்லப்போறேன்." பிறகு நிமிர்ந்து, இனிப்பாக, சத்தமாக, "தெரியுதுப்பா!" என்றாள்.

சோபாப் பக்கம் அமைதியாக இருந்தது. அவள் கன்னம் வலிக்கச் சிரித்துக்கொண்டு நின்றாள். பிறகு பின்பக்கத்திலிருந்து, மிக அருகில், பிடரியில் மூச்சுப் படுகிற தூரத்திலிருந்து அவர் குரல் வந்தது. விளையாட்டுக்குச் சத்தமில்லாமல் சுற்றி வந்திருக்கிறார். பயமுறுத்தலாம் என்று வந்தவரின் குரலில் இப்போது விளையாட்டு இல்லை. "செம்பகம், நான் இங்க நிக்கிறேன். ரெண்டு பேரும் அங்க யாரைப் பார்த்துச் சிரிக்கிறீங்க?"

தெரியுதுன்னு சொல்லிருட்டி. மண்டபத்து வெயில் பளீரென்று ஒருமுறை வந்து போயிற்று. ஏதாவது சொல்லலாம், நாங்களும் விளையாடினோம் என்று சொல்லலாம், நம்பிவிடுவார், நல்ல மனுஷன், எது சொன்னாலும் நம்புகிறவர். இடுப்பில் பிள்ளையின் பிடி இறுகியது. செண்பகம் திரும்பினாள், குரல் வந்த திசைக்கு, அது சரியான திசைதானா என்று தெரியாமலே.

"தெரியலைங்க," என்றாள். "எனக்கு எப்பவுமே தெரிஞ்சதில்ல. அன்னைக்கு அருந்ததி மட்டுமில்ல, எதுவுமே. பாப்பாவுக்கும் தெரியலைங்க. அவளை நாளைக்கே டாக்டர்ட்ட கூட்டிட்டுப் போகணும்." இடுப்பில் பிடித்திருந்த கை மெல்லத் தளர்ந்தது. "அம்மா," என்றாள் ஆதிரை, ஆச்சரியத்தோடு, ரகசியம் பேசுகிற குரலில் இல்லாமல், "உனக்கும் எப்பவுமே தெரியாதா?" செண்பகம் பதிலுக்கு அவள் தலையைத் தடவி அணைத்துக்கொண்டாள். அவர் அழுகிறாரா, கோபமா, முகத்தில் என்ன இருக்கிறது என்று அவளுக்குத் தெரிய வழியில்லை. எங்கே நிற்கிறார் என்றும் இப்போது தெரியவில்லை. பிள்ளையைச் சேர்த்துப் பிடித்தபடி, சுவிட்ச் போடுகிற சத்தம் எந்தப் பக்கமிருந்து வரும் என்று அவள் காது கொடுத்துக் காத்திருந்தாள்.